நூற்றுப் பதினெட்டுக் கட்டங்களும் ஏசுபாதமும்

செத்துப்போனவர்களின் பெயர்களைத் தவிர, ஏசுபாதம் எழுதிய எதுவும் அதிக நாள் நின்றதில்லை.

சுவர் எழுதுவது அவர் தொழில். சதுரங்கப்பட்டினத்தில் கோட்டைக்குப் பின்பக்கத் தெருவில் வீடு. தேர்தல் வந்துவிட்டால் ஆளை வீட்டில் பிடிக்க முடியாது. கல்பாக்கத்தில் ஆரம்பித்துக் கூடுவாஞ்சேரி வரைக்கும் சுவர் சுவராகப் போய்க்கொண்டிருப்பார். காலையில் ஒரு சின்னம், மத்தியானம் அதற்கு எதிர்ச் சின்னம். இரண்டுக்கும் அதே பிரஷ், அதே சிரத்தை. எந்தத் தலைவர் பெயரானாலும் 'ழ'கரத்தின் வால் மயில் தோகை மாதிரி இறங்கும். ஓட்டு எண்ணி முடித்த மறுவாரமே சுண்ணாம்பு வாளியோடு ஒருவன் வருவான். தோகை, தலைவர், சின்னம் எல்லாம் வெள்ளைக்குள் போய்விடும். கல்லறைத் தோட்டத்துச் சிலுவைகளில் கறுப்பு எனாமலில் எழுதிக்கொடுத்த பெயர்கள் மட்டும் வெயில் மழை பார்த்து நின்றுகொண்டிருந்தன.

"உன் கையெழுத்து நிக்கணும்னா ஒரு ஆளு சாவணும்யா" என்பாள் அவர் மனைவி ஜெபா. தொழிலில் அவள் பங்காளி. கோடு போடுவது அவர், உள்ளே நிறம் நிரப்புவது அவள்.

ஏசுபாதத்தின் அப்பா அடுத்தவர் நிலத்தில் நாற்று நட்டு, அடுத்தவர் நெல்லை அறுத்தவர். அந்த வீட்டில் பிளஸ் டூ வரைக்கும் போன முதல் ஆள் ஏசுபாதம்தான். வேதியியலில் கவிழ்ந்தார். விடைத்தாளில் குடுவையும் பன்சன் விளக்கும் வரைந்து, குடுவையின் நிழலைக்கூடப் பதமாகப் போட்டிருந்தார். சமன்பாடுதான் கடைசி வரை சமன் ஆகவில்லை. அப்புறம் பிரஷ் பிடித்த கை பேனா பக்கம் திரும்பவில்லை.

அப்படிப்பட்டவரை வேதியியலே தேடிக்கொண்டு வந்தது.

ஊருக்குச் சற்று உள்ளே தள்ளி ஓர் அரசு மேல்நிலைப் பள்ளி. வாசல் கேட்டிலிருந்து குடிநீர்த் தொட்டி வரைக்கும் நீளமான சுற்றுச்சுவர். அதன் உள்பக்கத்தில் தனிம வரிசை அட்டவணையை எழுதித் தர முடியுமா என்று தலைமையாசிரியர் சதாசிவம் கூப்பிட்டுக் கேட்டார். ஏசுபாதம் சுவரைத் தட்டிப் பார்த்தார், உரசிப் பார்த்தார். பிறகு வழக்கமாகக் கேட்கும் கேள்வியைக் கேட்டார்.

"எத்தினி நாளைக்கு சார் இருக்கணும்?"

"எத்தனை நாளா? பள்ளிக்கூடம் நிக்கிற வரைக்கும் இருக்கணும்யா. தனிமம் என்ன, அஞ்சு வருஷத்துக்கு ஒருதரம் தேர்தல்ல நிக்கவா போகுது?"

வீடு வந்து சேரும்வரை ஏசுபாதத்துக்கு அந்த வார்த்தைதான் காதில். வெள்ளை அடிக்காத சுவர்! உயிரோடிருக்கும் பிள்ளைகள் தினமும் பார்க்கிற சுவர்! ஜெபாவிடம் சொன்னபோது, "யாரும் சாவாமலா?" என்று அவளும் வாய் பிளந்தாள்.

மறுநாள் விடிந்ததும் போய், கை பழக்கத்தில், சுவர் பிடித்துவிட்டார். எங்கள் பக்கத்தில் அது ஒரு மரபு. தேர்தலுக்கு மாதக்கணக்கு முன்பே காலிச் சுவரில் சுண்ணாம்பால் கட்சிப் பெயரையும் வருஷத்தையும் எழுதிவிட்டால், அடுத்த கட்சி அந்தச் சுவரைத் தொடாது. பிரார்த்தனைக்கு வந்து நின்ற பிள்ளைகள் எழுதியிருந்ததைப் படித்துவிட்டுக் குலுங்கிச் சிரித்தார்கள்: 'தனிம அட்டவணை – 2031 வரை.'

"யாருய்யா வேட்பாளர்? ஹைட்ரஜனா?" என்றார் சதாசிவம்.

"பழக்க தோஷம் சார். அழிச்சிடறேன்."

மேற்பார்வைக்கு வேதியியல் ஆசிரியை ஜோதிலட்சுமி. கூடுவாஞ்சேரியிலிருந்து ஒரு ரயில், ஒரு பஸ் மாறி தினமும் வந்து போகிறவர். பாடப்புத்தகத்தின் பின்பக்கத்து அட்டவணையைக் கிழியாமல் பிரித்து நீட்டினார். ஏசுபாதம் அதைத் தள்ளிப் பிடித்து, கிட்டப் பிடித்து, ஒரு யோசனை சொன்னார்.

"டீச்சர், தங்கத்துக்கு மட்டும் கட்டத்தைக் கொஞ்சம் பெருசா போட்டுடலாமா?"

"எதுக்குங்க?"

"தங்கமாச்சே! எங்க லைன்ல பெரிய ஆளு பேரு பெருசா இருக்கணும். வட்டம், மாவட்டம் எல்லாம் கீழ சின்னதா வரும்."

"இங்க வட்டம் மாவட்டம் எல்லாம் கிடையாது. எல்லாருக்கும் ஒரே சைஸ் கட்டம்தான்."

"தகரத்துக்குமா?"

"தகரத்துக்கும்."

ஏசுபாதத்துக்கு அது பிடித்திருந்தது. தலைவர் இல்லாத கூட்டத்துக்கு அவர் இதற்கு முன் சுவர் எழுதியதே இல்லை.

நூல் அடித்துக் கட்டம் பிரித்தார். பக்கவாட்டில் பதினெட்டு, மேலிருந்து கீழே ஏழு. அதற்குக் கீழே ஒரு முழம் சந்து விட்டு, தனியாக இரண்டு வரிசை. ஒவ்வொரு கூட்டத்துக்கும் ஒரு நிறம் கொடுங்கள், எந்த நிறமானாலும் சரி என்று ஜோதிலட்சுமி சொல்லிவிட்டதால், போன தேர்தலில் மிஞ்சிய டப்பாக்களை வீட்டிலிருந்து எடுத்துவந்தார். மஞ்சள் நிறைய இருந்தது. நடுவில் அகலமாகக் கிடந்த உலோகக் கூட்டத்துக்கு மஞ்சள். பச்சை அதற்குப் பக்கத்தில். நீல டப்பாவைச் சாய்த்துப் பார்த்தார். கீழே தனியாக நின்ற இரண்டு வரிசைக்குத்தான் கட்டிவரும். அடித்துவிட்டார்.

இங்கேதான் வந்தது வினை. எங்கள் பக்கத்தில் நிறம் வெறும் நிறமாக இருந்து யாரும் பார்த்ததில்லை. கொடிக்கம்பத்தில் ஒரு நிறம், பஸ் நிழற்குடையில் ஒரு நிறம், கல்யாணப் பேனரில் ஒரு நிறம். மாட்டுக்கொம்பைப் பார்த்தே வீட்டுக்காரர் யாருக்கு ஓட்டுப் போடுவார் என்று சொல்லிவிடலாம். இருபது வருஷம் அந்த நிறங்களைத் தொட்டே சாப்பிட்ட மனிதர், பள்ளிக்கூடத்துக்குள் வந்ததும் அதை மறந்துபோனதுதான் வேடிக்கை.

வெள்ளிக்கிழமை பள்ளி மேலாண்மைக் குழுக் கூட்டத்துக்கு ஜெகதீசன் வந்தார். ஜேசிபி, டிராக்டர் வாடகைக்கு விடுகிறவர். மஞ்சள் பச்சைக் கட்சிக்குக் கிளைச் செயலாளர். சுவரைப் பார்த்தார். வெள்ளைச் சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு, இரும்புக்கும் தாமிரத்துக்கும் முன்னால் நின்று ஒரு செல்ஃபி. 'அரசுப் பள்ளியின் நடுநாயகமாக நமது நிறம்! நன்றி தலைமையாசிரியர் அவர்களே!' என்று ஸ்டேட்டஸ் வைத்துவிட்டுப் போனார்.

அந்த ஸ்டேட்டஸ் நாவலூரில் ஒரு கம்பெனி வாசலில் கார் நிறுத்திவிட்டு டீ குடித்துக்கொண்டிருந்த லட்சுமணனின் போனுக்குப் போய்ச் சேர்ந்தது. லட்சுமணன் ஜெபாவுக்குப் பெரியப்பா மகன், ஏசுபாதத்தின் தெருதான். தெரு முனையில் பறக்கும் நீலக் கொடிக்கு அவன்தான் பொறுப்பு. சவாரியை முடித்துவிட்டு, சாயங்காலம் நேராகப் பள்ளிக்கூடத்துக்கே வந்து இறங்கினான்.

"மச்சான், இது இன்னா?"

"தனிமம்டா. பசங்க படிக்கிறது."

"எனக்கும் படிக்கத் தெரியும். நடுவுல இன்னாத்துக்கு அம்மாம் பெரிய மஞ்சளு?"

"டப்பா நெறைய இருந்திச்சிடா."

"நம்ம நீலம் எங்க கீது?"

ஏசுபாதம் கையை நீட்டிக் காட்டினார். காட்டிய கை பாதியிலேயே நின்றுவிட்டது.

"கீழ கீதுல்ல? அதுவும் ஒட்டாம, நடுவுல சந்து வுட்டு, ஊருக்கு வெளிய குடிவெச்ச மாதிரி! வேற எவனாவது எழுதியிருந்தா சட்டையைப் புடிச்சிருப்பேன். நீ எழுதிக்கீற பாரு, எனக்கு யாரு சட்டையைப் புடிக்கிறதுன்னே தெரியல."

"புக்குல அப்படித்தான் கீதுடா!"

"புக்குல எதுதான் அப்படி இல்ல?"

லட்சுமணன் போய்விட்டான். ஏசுபாதம் மைதானத்தின் அந்தக் கோடிக்குப் போய் நின்று சுவரைப் பார்த்தார். அதுவரைக்கும் அது பாடம். இப்போது கண்ணைத் தேய்த்துவிட்டுப் பார்த்தாலும் ஊரும் காலனியும்தான் தெரிந்தது. நடுவே, அவரே நூல் பிடித்து அளந்து விட்ட ஒரு முழம் சந்து.

அதற்குள் சதாசிவத்தின் போன் சூடாகிவிட்டது. நன்றி சொல்லி நாலு பேர், நியாயம் கேட்டு எட்டுப் பேர். திங்கட்கிழமை மாவட்டத்திலிருந்து அதிகாரி வேறு பள்ளியைப் பார்வையிட வருகிறார். தலைமையாசிரியர் வேர்த்துப்போய் வந்து நின்றார்.

"ஏசுபாதம், எனக்கு ரெண்டு வருஷம்தான் சர்வீஸ் பாக்கி. திங்கட்கிழமை காலையில இந்தச் சுவர் வெள்ளையா இருக்கணும். அவ்வளவுதான்."

"பள்ளிக்கூடம் நிக்கிற வரைக்கும்னு சொன்னீங்களே சார்."

"பள்ளிக்கூடம் நிக்கணுமேன்னுதான்யா சொல்றேன்!"

அன்று ராத்திரி ஏசுபாதம் சாப்பிட்ட சாப்பாட்டில் உப்பு இருந்ததா என்று அவருக்கே தெரியாது. தலைவர்கள் பெயர் அழிந்தபோது அவருக்கு ஒன்றும் ஆனதில்லை. கூலி வாங்கியாச்சு, போச்சு. இதை விட முடியவில்லை. "கலர்தானே பிரச்சனை? மாத்திட வேண்டியதுதானே?" என்றாள் ஜெபா. எதற்கு மாற்றுவது? எந்த டப்பாவைத் திறந்தாலும் உள்ளே ஒரு கட்சி இருந்தது.

சனிக்கிழமை பிளஸ் டூ பிள்ளைகளுக்குச் செய்முறை வகுப்பு. அது முடிகிற நேரமாகப் பார்த்து ஏசுபாதம் ஆய்வகத்துக்குப் போனார். சுவர் வெள்ளை ஆகிறதா என்று பார்க்க வந்த லட்சுமணனும் கையைக் கட்டிக்கொண்டு பின்னாலேயே வந்து வாசலில் நின்றான்.

"டீச்சர், ஒண்ணு கேக்கணும். இதுங்களுக்கு நெஜமாவே இன்னா கலரு?"

"எதுங்களுக்கு?"

"தனிமங்களுக்கு. நாம குடுத்த கலரு வேணாம். அதுங்க சொந்தக் கலரு."

ஜோதிலட்சுமி ஒரு கணம் அவரைப் பார்த்தார். பிறகு உற்சாகமாக அலமாரியைத் திறந்து ஒவ்வொரு பாட்டிலாக மேசையில் எடுத்து வைத்தார். கந்தகம் எலுமிச்சை மஞ்சள். தாமிரச் சுருள் செம்பு நிறம். அயோடின் கறுப்பு மினுமினுப்பு. மூடியைத் திறந்தால் ஊதாப் புகை. கார்பன் கரி. குளோரினும் புரோமினும் இங்கே இல்லை, ஆனால் ஒன்று வெளிறிய பச்சை மஞ்சள், இன்னொன்று செங்காவி என்றார். மெக்னீசியம், துத்தநாகம், அலுமினியம், தகரம் எல்லாம் வெள்ளி.

"இரும்பு?"

"துரு இல்லாம சுத்தமா இருந்தா அதுவும் வெள்ளி மாதிரிதான். உலோகம் முக்கால்வாசியும் அப்படித்தாங்க."

"காத்து?"

"காத்துக்கு ஏது கலர்? சும்மா விட்டுடுங்க."

"கடைசியில நூறுக்கு மேல வர்றதுங்க?"

"அதையெல்லாம் கண்ணால பார்த்தவங்களே கிடையாது. ஒண்ணு ரெண்டு அணுவாத்தான் செய்வாங்க, உடனே சிதைஞ்சுடும்."

"அப்ப வெறும் கோடு போட்டா போதும்" என்று ஏசுபாதம் மனதுக்குள் எழுதிக்கொண்டார். "சரி, நடுவுல நான் மஞ்சள் அடிச்சது?"

"தங்கமும் தாமிரமும் தவிர எல்லாம் வெள்ளிக் கலர்."

"கீழ நீலம் அடிச்சது?"

"அதுவும் வெள்ளிதான்."

வாசலில் நின்றவன் கட்டியிருந்த கையை அவிழ்த்தான். "ரெண்டும் ஒரே கலரா?"

"ஒரே கலர்தாங்க."

"அப்ப எதுக்கு டீச்சர் அதுங்களை மட்டும் தள்ளி வெச்சிருக்காங்க?"

"தள்ளி வைக்கலைங்க. அதுங்க இடம் உண்மையில மேலதான், ஆறாவது ஏழாவது வரிசையில. பேரியத்துக்கு அடுத்து, ஹாஃப்னியத்துக்கு முன்னால. அங்க வெச்சா அட்டவணை ரொம்ப நீளமாயிடும், புத்தகப் பக்கத்துல இடம் பத்தாது. அதனால கீழ எடுத்துப் போட்டிருக்காங்க."

லட்சுமணன் சிரித்தான். அந்தச் சிரிப்பில் சந்தோஷம் இல்லை. "இடம் பத்தலன்னு சொல்லித்தான் டீச்சர் எல்லாரையும் வெளிய வெச்சாங்க."

ஏசுபாதம் பார்வையைத் திருப்பினார். ஜன்னல் வழியாகச் சுவர் தெரிந்தது. கேட்டிலிருந்து குடிநீர்த் தொட்டி வரைக்கும் அது பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது. அட்டவணை அதில் பாதியைக்கூடப் பிடிக்கவில்லை. சுவர் பிடித்தே பழகிய கண், காலி இடத்தைப் பார்த்துவிட்டது.

"டீச்சர், பேப்பர்லதானே இடம் பத்தல?" என்றார் ஏசுபாதம்.

ஜோதிலட்சுமி ஜன்னலைப் பார்த்தார். அவர் முகத்தில் மெல்ல ஒரு சிரிப்பு ஏறியது. "நீள அட்டவணை! காலேஜ்ல ஒரே ஒரு தடவை பார்த்திருக்கேன். எழுத யாருக்கு இடம் இருக்குன்னு எங்க சாரே சிரிச்சாரு!" சாக்பீஸை எடுத்துக் கரும்பலகையில் கட்டம் போட ஆரம்பித்தார். கரும்பலகை பத்தவில்லை. மிச்சத்தை மேசையிலேயே எழுதி முடித்தார். பக்கவாட்டில் முப்பத்திரண்டு.

சதாசிவத்தைச் சம்மதிக்கவைப்பது சுலபமாக இல்லை. ஏசுபாதம் ஒரே வாதத்தைப் பிடித்துக்கொண்டார்.

"நீங்க சொன்ன மாதிரி வெள்ளை அடிச்சிடறேன் சார். அதுக்கு மேலதான் எழுதப் போறேன்."

"திங்கட்கிழமை சுண்ணாம்பு ஆளை வரச் சொல்லியிருக்கேன். ஜெகதீசனோ உன் மச்சானோ, ஒருத்தன் முகம் சுளிச்சாலும் அவன் வாளியைத் தூக்கிடுவான். சொல்லிட்டேன்."

இருபது வருஷத்தில் முதல்முறையாகத் தன் எழுத்தைத் தன் கையாலேயே வெள்ளையடித்தார் ஏசுபாதம். வலிக்கும் என்று நினைத்தார், நேரமில்லை. காய்ந்ததும் நூல் பிடிக்க ஒரு முனையில் அவர். மறுமுனை எங்கோ தூரத்தில். அங்கே ஆள் இல்லை.

"இன்னா பார்த்துகினு நிக்கிற மச்சான்? வந்து புடி!"

லட்சுமணன் செருப்பைக் கழற்றிவிட்டு வந்து பிடித்தான். ஞாயிற்றுக்கிழமை கோயில் ஆராதனை முடிந்ததும் ஜெபா புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு அலுமினியப் பெயிண்ட் டப்பாவோடு இறங்கிவிட்டாள். வீட்டுக் கேட்டுக்கு அடிக்கிற அதே வெள்ளிப் பெயிண்ட். தங்கத்தின் ஒரே கட்டத்துக்கு மட்டும் பொன் பெயிண்ட். "கடை கடையா ஏறி இறங்கினாரு லட்சுமணண்ணன். சதுரங்கப்பட்டினத்துல இனிமே ஒரு கேட்டுக்கும் பெயிண்ட் கெடைக்காது" என்று சிரித்தபடியே கட்டம் கட்டமாக நிரப்பிக்கொண்டு போனாள்.

ஒரே ஓர் இடத்தில்தான் ஏசுபாதத்தின் கை அரித்தது. நீள அட்டவணையில் மேல் வரிசைகள் இரண்டு ஓரத்துக்கும் ஒதுங்கிவிட, நடுவில் பெரிய காலியிடம் கிடந்தது.

"டீச்சர், எங்க தொழில்ல இம்மாம் இடம் காலியா இருந்தா தலைவர் படம் போடுவோம்."

"ஐயோ வேண்டாங்க!"

"சரி, ஒரு மயில்?"

"மயிலும் வேண்டாம்."

திங்கட்கிழமை. மாவட்ட அதிகாரி வந்தார். கழிப்பறையைப் பார்த்தார், சத்துணவுக் கூடத்தில் ஒரு வாய் சாப்பிட்டுப் பார்த்தார், வருகைப் பதிவேட்டில் கையெழுத்துப் போட்டார், போய்விட்டார். சுவர் இருந்த பக்கம் திரும்பக்கூட இல்லை. சதாசிவத்துக்கு உயிர் வந்தது. பாதி உயிர்தான், மீதியைக் கையில் பிடித்திருந்தவர் கேட் வழியாக ஜேசிபி வண்டியில் வந்து இறங்கினார். கொஞ்சம் தள்ளி, சுண்ணாம்பு வாளியைக் கீழே வைத்துவிட்டு ஓர் ஆள் பீடி தேடிக்கொண்டிருந்தான்.

ஜெகதீசன் சுவரை இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரைக்கும் நடந்து பார்த்தார். வெயிலில் வெள்ளிக் கட்டங்கள் பளபளத்தன.

"ஏம்ப்பா, நம்ம மஞ்சள் எங்க?"

"கந்தகத்துல கீது சார்" என்று ஏசுபாதம் காட்டினார்.

"அது ஒண்ணுதானா? நடுவுல இருந்ததெல்லாம்?"

"அது நான் தப்பா அடிச்சது சார். டீச்சர் பாட்டிலைத் திறந்து காமிச்சாங்க, அதுங்க சொந்தக் கலரு இதான்."

ஜெகதீசன் ஜோதிலட்சுமியைப் பார்த்தார். ஜோதிலட்சுமி தலையாட்டினார். சுற்றிலும் பிள்ளைகள் வேறு கூடிவிட்டார்கள். அவர் நெற்றியைச் சுருக்கி யோசித்தார். சதாசிவம் மூச்சை அடக்கிக்கொண்டார்.

"கந்தகம்னா பட்டாசுல போடுவாங்களே, அதுதானே?"

"அதேதான் சார்."

"அப்ப வெடிக்கிற ஐட்டம் நம்மளுது!" என்று தொடையைத் தட்டினார் ஜெகதீசன். "ஒண்ணு போதும்யா. ஒண்ணா இருந்தாலும் சத்தமா இருக்கணும்." பக்கத்தில் நின்ற லட்சுமணனைப் பார்த்து, "உங்களுது எது தம்பி?" என்றார்.

லட்சுமணன் ஆறாவது வரிசையில் விரலை வைத்து நடந்துகொண்டிருந்தான். சீசியம், பேரியம், லாந்தனம், சீரியம் என்று விரல் எங்கும் தூக்காமல், எந்தச் சந்திலும் விழாமல் போய்க்கொண்டே இருந்தது. ஏழாவது வரிசைக்கு இறங்கி ஓரிடத்தில் நின்றான்.

"டீச்சர், இந்தத் தோரியம்... நம்ம கடற்கரைக் கருமணல்ல கீதுன்னு சொல்றாங்களே, அதுவா?"

"அதேதாங்க."

"நம்ம ஊருக்காரன்" என்றான் லட்சுமணன், ஜெகதீசனிடம். "உங்க ஊர், எங்க ஊர், ரெண்டுத்துக்கும் சேர்த்துத்தான்."

சதாசிவம் அடக்கிய மூச்சை விட்டார். சுண்ணாம்புக்காரனைப் பார்த்து, "வந்தது வந்துட்ட, அந்தச் சைக்கிள் ஷெட்டுக்கு அடிச்சிட்டுப் போ" என்றார்.

கூட்டம் கலைந்தது. ஏசுபாதம் ஏணியை மடக்கிச் சாய்த்தார். பிரஷ்களைத் தின்னரில் அலசும்போது ஒரு சந்தேகம் வந்தது.

"டீச்சர், இன்னும் புதுசா ஏதாவது வருமா, இல்ல இதோட சரியா?"

"வரலாம். தேடிக்கிட்டேதான் இருக்காங்க. அடுத்தது நூத்திப் பத்தொன்பது."

"வந்தா எங்க ஒக்காரும்?"

"எட்டாவது வரிசை ஆரம்பிக்கணும். கீழ, இடது ஓரத்துல."

ஏசுபாதம் குனிந்து பார்த்தார். ஏழாவது வரிசைக்குக் கீழே ஒரு சாண் சுவர்தான் தெரிந்தது. மிச்சம் மண்ணுக்குள் புதைந்திருந்தது. மழையில் அடித்துவந்த மண், மேலே நெருஞ்சி. அவர் தோட்டக்காரரின் மண்வெட்டியை வாங்கி வந்து, சுவரோரத்து மண்ணை வெட்டி ஒதுக்க ஆரம்பித்தார்.

"அது கண்டுபிடிக்க எத்தனை வருஷம் ஆகுமோங்க! இப்பவே எதுக்கு?" என்று சிரித்தார் ஜோதிலட்சுமி.

"வர்றப்ப வரட்டும் டீச்சர்" என்றார் ஏசுபாதம், மண்ணை வாரிக்கொண்டே. "வந்து நின்னுகினு இருக்கக் கூடாது பாருங்க."